கைநாட்டு வாங்கிட்டா சம்மதம் ஆயிடுமா?

1/
நேத்து ராத்திரி எங்க டாக்டர்கள் வாட்ஸ்அப் குரூப்ல ஒரு சீனியர் சார் எழுதியிருந்தார்: "பஞ்சாயத்து தேர்தல் நடக்கலைன்னா என்ன குடி முழுகிப் போச்சு? ஸ்பெஷல் ஆபீசர் இருக்கறப்பதான் வேலை ஒழுங்கா நடக்குது. எட்டாவது படிச்ச பிரசிடெண்ட்டுகிட்ட போய் நிக்க வேண்டியதில்ல." கீழ வரிசையா பதினேழு கட்டைவிரல். பதினேழும் டாக்டருங்க.

அங்கயே பதில் எழுத ஆரம்பிச்சேன். நீண்டுக்கிட்டே போச்சு. அதனால இங்க போடறேன். பெரிய த்ரெட். டீ எடுத்துக்கிட்டு உட்காருங்க.

2/
விவரம் தெரியாதவங்களுக்கு முதல்ல கணக்கு. 2019 டிசம்பர் 27, 30 தேதிகள்ல தமிழ்நாட்டுல 27 மாவட்டங்களுக்கு ஊரக உள்ளாட்சித் தேர்தல் நடந்துச்சு. 9,624 ஊராட்சித் தலைவர்கள், 76,746 வார்டு உறுப்பினர்கள், அதோட ஒன்றிய, மாவட்டக் கவுன்சிலர்கள். மொத்தம் 91,975 பதவி. 2025 ஜனவரி 5-ஆம் தேதியோட இவங்க பதவிக்காலம் முடிஞ்சுது. அடுத்த தேர்தல் வரல. ஏழு மாசம் கழிச்சும் நடக்கல. கிராம ஊராட்சிகளைப் பார்த்துக்கறது ஸ்பெஷல் ஆபீசர். வார்டு மறுவரையறை பாக்கி இருக்குன்னு காரணம் சொல்றாங்க.

3/
இது முதல் தடவையும் இல்ல. 2016 அக்டோபர்ல முடிஞ்ச பதவிக்காலத்துக்கு 2019 டிசம்பர்லதான் தேர்தல். நகராட்சி, மாநகராட்சிக்காரங்க 2022 பிப்ரவரி 19 வரைக்கும் காத்திருந்தாங்க. அப்ப ஆண்டது ஒரு கட்சி, 2025-ல ஆண்டது இன்னொரு கட்சி. மத்த எல்லாத்துலயும் அடிச்சுக்குவாங்க. இந்த ஒரு விஷயத்துல ரெண்டு பேருக்கும் ஒரே பிளட் குரூப்.

4/
அரசியல் சட்டம் இதுல குழப்பமே இல்லாம பேசுது. 73-வது திருத்தம், 1993 ஏப்ரல் 24 முதல் நடைமுறையில இருக்கு. பிரிவு 243-இ: ஊராட்சியோட ஆயுள் ஐந்து வருஷம், அதுக்கு மேல இல்லை, அந்தக் காலம் முடியறதுக்கு முன்னாடியே அடுத்த தேர்தலை நடத்தி முடிச்சிருக்கணும். முடிஞ்சதுக்கு அப்புறம் யோசிக்கலாம்னு எங்கயும் இல்ல.

2006-ல அகமதாபாத் மாநகராட்சி வழக்குலயும் வார்டு வரையறையைத்தான் காரணமா சொன்னாங்க. உச்ச நீதிமன்றம் ஏத்துக்கல. கலவரம், இயற்கைப் பேரிடர் மாதிரி அசாதாரண நிலைமை இருந்தா ஒழிய தள்ளிப்போடக் கூடாதுன்னு சொல்லியாச்சு. ஐந்து வருஷம் எப்ப முடியும்னு முதல் நாளே தெரியும். பிரசவத் தேதி தெரிஞ்சும் கத்தரிக்கோல் தேடற லேபர் வார்டு மாதிரி இருக்கு இது.

5/
ஆனா நான் சட்டம் பேச வரல. அதுக்கு வக்கீலுங்க இருக்காங்க. எனக்குத் தெரிஞ்ச ஒரு விஷயத்தை வச்சுப் பேசறேன். சம்மதம்.

ஹவுஸ் சர்ஜனா இருந்தப்போ ஆபரேஷனுக்கு முதல் நாள் ராத்திரி நோயாளிகிட்ட சம்மதப் படிவத்துல கையெழுத்து வாங்கறது எங்க வேலை. என்ன ஆபரேஷன், என்ன ஆபத்து, வேற வழி இருக்கா, எல்லாத்தையும் அவங்களுக்குப் புரியற மாதிரி சொல்லிட்டு வாங்கணும். நாங்க சொல்ல மாட்டோம். ஒரு ராத்திரில இருபது பேர். "இங்க ஒரு கையெழுத்து போடுங்க." அவ்வளவுதான். எழுதத் தெரியாதவங்கன்னா இன்னும் சுலபம். இடது கை கட்டைவிரலைப் பிடிச்சு மையில ஒத்தி நாங்களே வச்சுடுவோம்.

ஒரு பெரியவர் கேட்டார்: "எதுக்கும்மா இது?" நான் சொன்னேன்: "ரூல் தாத்தா." அவர் தலையாட்டினார். காலை எடுக்கப் போறோம்னு மறுநாள் தியேட்டர் வாசல்லதான் அவருக்குத் தெரிஞ்சுது.

அவர் முகத்தை நான் மறக்கல. மறக்க விரும்பவும் இல்ல.

6/
2008 ஜனவரில உச்ச நீதிமன்றம் ஒரு தீர்ப்பு சொல்லுச்சு. ஒரு பெண், வயித்துக்குள்ள குழாய் விட்டுப் பார்க்கற பரிசோதனைக்கு மட்டும் சம்மதம் கொடுத்திருந்தாங்க. மயக்கத்துல இருக்கும்போது நோய் முத்தியிருக்குன்னு டாக்டர் கண்டுபிடிச்சு, வெளிய உட்கார்ந்திருந்த அவங்க அம்மாகிட்ட கையெழுத்து வாங்கிட்டு கர்ப்பப்பையையும் சினைப்பைகளையும் எடுத்துட்டாங்க.

கோர்ட் சொன்னது: நோயாளி சுயபுத்தியுள்ள பெரியவங்க. உயிர் போற அவசரம் எதுவும் அங்க இல்ல. அவங்க கண் முழிக்கற வரைக்கும் காத்திருந்து கேட்டிருக்கணும். அம்மாவோட சம்மதம் செல்லாது. செஞ்ச ஆபரேஷன் அவங்க நல்லதுக்கே இருந்தாலும் சரி. ஃபீஸ் வாங்கக்கூடாது, 25,000 ரூபாய் இழப்பீடு கொடுக்கணும்.

டாக்டருங்க எல்லாருக்கும் இந்தக் கேஸ் தெரியும். பரீட்சைக்குப் படிச்சிருக்கோம்.

7/
இப்ப சார் எழுதினதைத் திரும்பப் படிங்க. "ஸ்பெஷல் ஆபீசர் இருக்கறப்பதான் வேலை ஒழுங்கா நடக்குது."

இருக்கலாம் சார். நல்ல ஆபீசரா இருக்கலாம். நல்ல சர்ஜனா இருக்கலாம். அம்மா பாசக்காரங்களாவே இருக்கலாம். நோயாளிகிட்ட கேட்டீங்களாங்கறதுதான் கேள்வி. உங்க ஆபரேஷன் தியேட்டர்ல இந்தக் கேள்விக்குப் பயப்படறீங்க. ஊராட்சி விஷயத்துல அதே கேள்வியைக் கேட்டா "படிக்காதவன்"ங்கறீங்க. தாத்தாவும் படிக்காதவர்தான். கால் அவரோடது.

8/
"ஒழுங்கா நடக்குது"ங்கறதையே கொஞ்சம் தட்டிப் பார்ப்போம். தமிழ்நாட்டுல 12,525 கிராம ஊராட்சி, 388 ஒன்றியம். சராசரி போட்டா ஒரு ஒன்றியத்துக்கு 32 ஊராட்சி. குழாய் உடைஞ்சா, தெருவிளக்கு எரியலைன்னா, தண்ணித் தொட்டியில குளோரின் போடலைன்னா ஊர்ல உள்ளவங்க யார் வீட்டுக் கதவைத் தட்டறது? வார்டு மெம்பர்னா ராத்திரி பத்து மணிக்குக்கூட வாசல்ல நின்னு நாலு வார்த்தை கேட்கலாம். பிடிஓ ஆபீஸுக்கு ரெண்டு பஸ் மாறணும். கூலி போகும். அங்க போனா "சார் கலெக்டர் மீட்டிங்"பாங்க.

9/
2017 டெங்கு சீசன் ஞாபகம் இருக்கா? நிலவேம்புக் கஷாயத்துக்கு க்யூ நின்னோமே. அந்த வருஷம் பூரா இந்த மாநிலத்துல ஒரு ஊராட்சியிலயும், ஒரு நகராட்சியிலயும், ஒரு மாநகராட்சியிலயும் தேர்ந்தெடுக்கப்பட்ட ஆள் ஒருத்தர்கூட கிடையாது. அதனாலதான் டெங்கு வந்துச்சுன்னு சொல்ல மாட்டேன். ஏடிஸ் கொசுவுக்குத் தேர்தல் ஆணையம் தெரியாது. ஆனா எந்தத் தெருவுல தண்ணி எத்தனை நாளைக்கு ஒரு தடவை வருது, அதனால எந்த வீட்டுல எத்தனை டிரம்ல பிடிச்சு வச்சிருக்காங்கன்னு தெரிஞ்ச ஆள் எங்களுக்கு வேணும். அந்த ஆள் பேர் வார்டு மெம்பர். அந்த வருஷம் அவர் மாஜி.

தேர்ந்தெடுத்த அமைப்பு இல்லைன்னு 14-வது நிதிக்குழு மானியத்தையும் மத்திய அரசு நிறுத்தி வச்சுது. பணமும் போச்சு, ஆளும் போச்சு. இதுதான் அந்த "நிம்மதி".

10/
இப்ப நான் செஞ்ச தப்பு ஒண்ணு. பல வருஷம் முன்னாடி, தெக்க ஒரு ஆரம்ப சுகாதார நிலையத்துல மெடிக்கல் ஆபீசரா இருந்தேன். ஊர் பேர் வேண்டாம்.

அக்டோபர் 2 கிராம சபை. டாக்டர் வந்து டெங்கு பத்திப் பேசணும்னு ஆர்டர். போனேன். வேப்பமரத்தடியில சாமியானா, முன்னாடி நாலு பிளாஸ்டிக் சேர் எங்களுக்கு. எதிர்ல தரையில ஒரு நூறு பேர். பாதிக்கு மேல நூறு நாள் வேலைக்காரங்க. "கையெழுத்து போட்டாதான் வேலை"ன்னு யாரோ சொல்லிக் கூட்டிட்டு வந்திருக்காங்க. அப்படி ஒரு சட்டமே கிடையாதுன்னு எனக்கு அப்ப தெரியாது.

நான் பத்து நிமிஷம் பேசினேன். தேங்காய்ச் சிரட்டை, பழைய டயர், ஆட்டுக்கல். கிளார்க் நன்றி சொல்லப் போனார்.

11/
பின்னாடியிருந்து ஒரு அப்பத்தா எழுந்திருச்சாங்க. "டாக்டரம்மா, ஒண்ணு கேக்கணும்."

"கேளுங்க அப்பத்தா."

"செவ்வாக்கெழமை புள்ளத்தாச்சிகளை வரச் சொல்றீகளே, எங்க காலனிக்கு மொத பஸ்ஸே பத்தே முக்காலுக்குத்தான் வருது. உங்க ஆஸ்பத்திரி வாசல்ல எறங்கறப்ப மணி பன்னண்டு ஆயிருது. ரத்தம் எடுக்குற பையன் பதினோரு மணியோட முடிஞ்சுபோச்சுங்கறான். திரும்பி வர்ற பஸ்ஸு ஒண்ணேகாலு. எங்க புள்ளைக எப்பம்மா சோதனை பண்ணும்?"

12/
டாக்டர் அல்லாதவங்களுக்கு இதை விளக்கணும். கர்ப்பிணிகளுக்கு சர்க்கரை இருக்கான்னு பார்க்க குளுக்கோஸ் தண்ணி கொடுத்து, ரெண்டு மணி நேரம் கழிச்சு ரத்தம் எடுக்கணும். பன்னண்டுக்கு வந்து குடிச்சா ரெண்டு மணிக்கு எடுக்கணும். ஒண்ணேகால் பஸ் போயிடும். அடுத்த பஸ் சாயங்காலம். அதனால அந்தக் காலனிப் பொண்ணுங்க வருவாங்க, எடை பார்ப்பாங்க, இரும்புச்சத்து மாத்திரை வாங்குவாங்க, டெஸ்ட் எடுக்காம போயிடுவாங்க.

இதை நான் எங்க ரெஜிஸ்டர்ல எப்படி எழுதியிருந்தேன் தெரியுமா? "ஆலோசனை வழங்கியும் பரிசோதனைக்கு ஒத்துழைக்கவில்லை." என் கையெழுத்துல. மாசக் கணக்கா.

13/
அப்பத்தாகிட்ட நான் என்ன சொன்னேன்? "அது கவர்மெண்ட் டைமிங், என் கையில இல்ல. சீக்கிரம் கிளம்பி வரப் பாருங்க." எரிச்சலா வேற சொன்னேன். டெங்கு மீட்டிங்ல இதெல்லாம் எதுக்குன்னு.

அவங்க உட்காரல. "எம் மருமக ஒம்பதாம் மாசம் புள்ள வயித்துலயே செத்துப்போச்சு. சோதனை பண்ணலைன்னு பெரியாஸ்பத்திரியில ஏசுனாக. அதான் கேட்டேன்"னு சொல்லிட்டு உட்கார்ந்தாங்க.

சர்க்கரையாலதான் அந்தக் குழந்தை போச்சுன்னு என்னால அடிச்சுச் சொல்ல முடியாது. எப்படிச் சொல்றது, டெஸ்டே எடுக்கலையே.

14/
மறுநாள் ரெஜிஸ்டரை எடுத்து வச்சுக்கிட்டு உட்கார்ந்தேன். "ஒத்துழைக்காதவங்க" எல்லாரும் ஒரே பஸ் ரூட். ரெண்டு வாரத்துல சரி பண்ணோம். குளுக்கோஸ் பாக்கெட்டையும் குளுக்கோமீட்டரையும் நர்சம்மாகிட்ட கொடுத்து அவங்க ஊர் துணை சுகாதார நிலையத்துலயே பார்க்க வச்சோம். ஒரு பைசா கூடுதல் செலவு இல்ல. யார்கிட்டயும் பர்மிஷன் கேட்கல. என் கையில இல்லைன்னு சொன்னேன் பாருங்க, என் கையிலதான் இருந்துச்சு.

எம்பிபிஎஸ் படிச்ச நான், எம்டி படிச்ச எங்க மேலதிகாரி, மாசாமாசம் பவர்பாயிண்ட் போட்ட மாவட்ட ரிவியூ, யாருக்கும் தெரியாத ஒரு விஷயம் ஒரு கைநாட்டு அப்பத்தாவுக்குத் தெரிஞ்சிருந்துச்சு. அவங்க அதைச் சொல்ல நாட்டுல ஒரே ஒரு இடம்தான் இருந்துச்சு. அந்த வேப்பமரத்தடி.

15/
கதை முடியல. சில மாசம் கழிச்சு வேற ஒரு வேலையா ஊராட்சி ஆபீஸ் போனப்போ அந்தத் தீர்மான நோட்டைப் பார்த்தேன். அக்டோபர் 2. "பொது சுகாதாரம் குறித்து விரிவாக விவாதிக்கப்பட்டு ஒருமனதாகத் தீர்மானம் நிறைவேற்றப்பட்டது." அப்பத்தா இல்ல. பஸ் இல்ல. பதினோரு மணி இல்ல. கிளார்க் அண்ணனைக் கேட்டேன். வெள்ளந்தியா சொன்னார்: "அது முந்தின நாளே எழுதிருவோம் மேடம். மேலருந்து வர்ற அஜெண்டாதான எல்லா ஊருக்கும்."

கீழ நூத்துச் சொச்சம் கையெழுத்து. நடுவுல நிறைய கைநாட்டு. மை இன்னும் பளிச்சுன்னு இருந்துச்சு. எனக்கு அந்த ஹவுஸ் சர்ஜன் ராத்திரி ஞாபகம் வந்துடுச்சு.

16/
நம்ம ஜனநாயகத்துக்கு என்ன நோய்னு கேட்டா நான் காட்டறது அந்த நோட்டைத்தான். கிராம சபை அரசியல் சட்டத்துலயே இருக்கு, 243-ஏ. வாக்காளர் பட்டியல்ல பேர் உள்ள எல்லாரும் அதுல உறுப்பினர். எம்எல்ஏ மூலமா இல்ல, கவுன்சிலர் மூலமா இல்ல, நேரா. தமிழ்நாட்டுல வருஷத்துக்கு ஆறு தடவை: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. காகிதத்துல இதைவிட அழகான ஏற்பாடு கிடையாது. அதைக் கைநாட்டு வாங்கற இடமா மாத்தி வச்சிருக்கோம். இப்ப தேர்தலும் இல்லாம, கூட்டத்தை நடத்தறவரும் அதிகாரி, பதில் சொல்றவரும் அதிகாரி, நோட்டை எழுதறவரும் அவருக்குக் கீழ வேலை பார்க்கறவர்.

17/
இனி வரிசையா வரப்போற பதில்கள் எனக்குத் தெரியும். "காசு வாங்கிட்டுத்தானே மேடம் ஓட்டுப் போடறாங்க?"

ஆமா. வாங்கறாங்க. எம்எல்ஏ தேர்தல்லயும் எம்பி தேர்தல்லயும்தான் வாங்கறாங்க. அதுக்காகச் சட்டசபைக்கு ஸ்பெஷல் ஆபீசர் போடலாம்னு யாராவது சொன்னோமா? மருந்து கம்பெனி செலவுல வெளிநாடு போயிட்டு வந்த டாக்டர்களை எனக்குத் தெரியும். அந்தக் குரூப்லயே சிலர் இருக்காங்க. அவங்க பிராக்டீஸை அரசு எடுத்துக்கணும்னு நான் கேட்கலையே.

18/
"பெண் பிரசிடெண்ட்னு பேரு. புருஷன்தான் எல்லாம்."

பாதி உண்மை. நானும் பார்த்திருக்கேன், சேர்ல உட்கார்ந்திருக்கறது வீட்டுக்காரர், அவங்க டீ கொண்டு வருவாங்க. ஆனா மூணாவது வருஷம் அதே அம்மா, வீட்டுக்காரரை "நீங்க செத்த வெளிய இருங்க"ன்னு சொன்னதையும் பார்த்திருக்கேன். முதல் வருஷ பிஜி ஸ்டூடண்ட் ஆபரேஷன் பண்ணா கை நடுங்கத்தான் செய்யும். அதுக்காகக் கத்தியைப் பிடுங்கிட்டா எப்ப கத்துக்கறது? பாதி இடம் பெண்களுக்குன்னு சட்டம் போட்டுட்டு, அவங்க கத்துக்கிட்டு வர்ற நேரத்துல வீட்டுக்கு அனுப்பி வாசலைப் பூட்டி வச்சிருக்கோம்.

19/
மூணாவது கேள்விதான் கனமானது. "ஊர்னா சாதிதானே. ஊர்கிட்ட அதிகாரம் கொடுத்தா ஆதிக்க சாதிகிட்ட கொடுத்த மாதிரிதானே?"

இதை லேசா ஒதுக்க முடியாது. அம்பேத்கரே 1948 நவம்பர் 4-ஆம் தேதி அரசியல் நிர்ணய சபையில கிராமத்தைப் புகழ்ந்தவங்களைப் போட்டுத் தாளிச்சிருக்கார். கிராமம்னா குறுகின புத்தியும் அறியாமையும் மண்டிக் கிடக்கற இடம்ங்கறது அவர் கட்சி. இந்த மண்ணுல ஜனநாயகம் மேலாகத் தூவின உரம்தான்னும் அன்னிக்குத்தான் சொன்னார். அவர் பயந்தது சரின்னு ஒவ்வொரு ஊரா நிரூபிச்சுக்கிட்டுத்தான் இருக்கு.

20/
மதுரை மாவட்டம் மேலூர் பக்கம் மேலவளவு. தலைவர் பதவி தாழ்த்தப்பட்டவங்களுக்கு ஒதுக்கப்பட்டுச்சு. முருகேசன் நின்னார், ஜெயிச்சார். 1997 ஜூன் 30-ஆம் தேதி அவரையும் கூட இருந்த ஐந்து பேரையும் வெட்டிக் கொன்னாங்க. ஒரு பஞ்சாயத்துத் தலைவர் நாற்காலிக்கு ஆறு உயிர்.

பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், கொட்டகச்சியேந்தல். பத்து வருஷம் அங்க தலைவர் பதவியில யாரையும் நிலைக்க விடல. 2006-லதான் ஒழுங்கா நடந்துச்சு. 2020-ல கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டையில ஊராட்சித் தலைவி தரையில உட்கார்ந்திருந்த போட்டோ வந்துச்சு. மத்தவங்க எல்லாம் சேர்ல.

21/
இதைக் காட்டி "பார்த்தீங்களா, அதான் தேர்தலே வேண்டாம்"னு சொல்றவங்களுக்கு ஒரே கேள்வி. யாரு அந்த நாற்காலி வேண்டாம்னு சொன்னது? வெட்டினவனா, வெட்டுப்பட்டவரா? மிரட்டலுக்கு நடுவுல முருகேசன் மனுத் தாக்கல் செஞ்சது அந்த நாற்காலியோட மதிப்பு தெரிஞ்சுதான். தரையில உட்கார வச்ச தலைவிக்கு மருந்து, சேரும் போலீஸ் பாதுகாப்பும் வழக்கும். அவங்க பதவியையே எடுத்துட்டு ஆபீசரைப் போடறது மருந்து ஆகாது. விரல்ல புண்ணுன்னு கையை எடுக்கற வைத்தியம். ஒதுக்கீட்டுல ஜெயிச்சு வந்தவங்க, ஊர்ப் பெரியவங்களை எதிர்த்துக் கையெழுத்துப் போடற ஒரே இடம் அந்த நாற்காலிதான். தேர்தலைத் தள்ளிப்போட்டா முதல்ல காணாமப் போறது அவங்கதான். ஊர்ப் பெரியவங்க எப்பவும்போல இருப்பாங்க, எந்த ஆபீசர் வந்தாலும் அவங்க வீட்டுலதான் காபி.

2021 அக்டோபர் 2 கிராம சபைக்கு முதலமைச்சர் பாப்பாபட்டிக்கே போனார். நானும் சந்தோஷப்பட்டேன். அதே பாப்பாபட்டிக்கு 2025 ஜனவரி 5-க்கு அப்புறம் தேர்ந்தெடுத்த தலைவர் இல்லாமப் போச்சு.

22/
இன்னொரு ஊர் சொல்றேன். அதுவும் மேலூர்ப் பக்கம்தான், அரிட்டாபட்டி. 2024 நவம்பர்ல டங்ஸ்டன் சுரங்க ஏலம் முடிவு வெளிய வந்துச்சு. நவம்பர் 23 கிராம சபைகள்ல அந்தச் சுத்துவட்டார ஊருங்க சுரங்கம் வேண்டாம்னு தீர்மானம் போட்டாங்க. அது முந்தின நாளே எழுதி வச்ச தீர்மானம் இல்ல. டிசம்பர் 9-ல சட்டசபை தீர்மானம். அப்புறம் மக்கள் மதுரைக்கே நடந்து போனாங்க. 2025 ஜனவரி 23-ல மத்திய அரசு ஏலத்தை ரத்து பண்ணுச்சு.

தேதியைக் கவனிச்சீங்களா? ஜனவரி 5-லயே அந்த ஊர்த் தலைவர்களோட பதவிக்காலம் முடிஞ்சுபோச்சு. ஏலம் அறிவிச்சது ரெண்டு மாசம் பிந்தியிருந்தா அந்தக் கூட்டத்துக்குத் தலைமை தாங்கறவர் அரசு சம்பளம் வாங்கற ஒரு அதிகாரி. அவர் கெட்டவரா இருக்க வேண்டியதில்ல. மேலருந்து ஒரு போன் வந்தா போதும்.

இதே மாநிலத்துல காஞ்சிபுரம் மாவட்டம் ஏகனாபுரம், பரந்தூர் விமான நிலையம் வேண்டாம்னு 2022 ஆகஸ்ட் 15-லருந்து கிராம சபைல தீர்மானம் போட்டுக்கிட்டே இருக்கு. அரிட்டாபட்டில கிராம சபை தெய்வ வாக்கு, ஏகனாபுரத்துல அதே கிராம சபை வெறும் காகிதம். எந்த அரசு எந்தத் திட்டத்தை விரும்புதுங்கறதைப் பொறுத்து.

23/
கிராம சபைக்கு நிஜமா பல்லு இருந்தா என்ன ஆகும்னு தெரியணுமா? ஒடிசா, நியாம்கிரி மலை. பாக்சைட் சுரங்கம் வேணுமா வேண்டாமான்னு கிராம சபைகளே முடிவு பண்ணட்டும்னு 2013 ஏப்ரல் 18-ல உச்ச நீதிமன்றம் சொல்லுச்சு. வன உரிமைச் சட்டம் அதுக்கு இடம் கொடுத்துச்சு. பன்னண்டு ஊர்ல கூட்டம், மாவட்ட நீதிபதி பார்வையாளர். டோங்ரியா கோண்டு ஆதிவாசிங்க, பாதிப் பேருக்கு மேல எழுதப் படிக்கத் தெரியாது. பன்னண்டு ஊரும் வேண்டாம்னு சொல்லுச்சு. பன்னண்டுக்குப் பன்னண்டு. சுரங்கம் வரல. யாரும் முந்தின நாளே நோட்டு எழுதி வைக்கலைங்கறதுதான் வித்தியாசம்.

24/
டாக்டர் சாருங்க "நாங்க எப்படி பஞ்சாயத்துக்குக் கீழ வேலை பார்க்கறது"ம்பாங்க. பக்கத்துல கேரளாவைப் பாருங்க. 1990-கள்லயே ஆரம்ப சுகாதார நிலையங்களைக் கிராமப் பஞ்சாயத்து பொறுப்புல கொடுத்துட்டாங்க. 1996 மக்கள் திட்டத்துல மாநிலத் திட்ட நிதியில மூணுல ஒரு பங்குக்கு மேல உள்ளாட்சிக்குப் போச்சு. படுக்கையில கிடக்கற புற்றுநோயாளி வீட்டுக்கு நர்ஸ் போறாங்களே, அந்த வலி தணிப்பு சிகிச்சைக்குப் பணம் ஒதுக்கறது பஞ்சாயத்து. டாக்டர்களோட மானம் எதுவும் போயிடல. எல்லாம் தேனா ஓடுதுன்னும் சொல்லல, கட்சிச் சண்டை அங்கயும் உண்டு.

25/
சைடுல ஒண்ணு. உத்திரமேரூர் குடவோலைப் பெருமை பேசாத மேடை இல்ல. பத்தாம் நூற்றாண்டு, பராந்தக சோழன் காலம். பெருமைதான். ஆனா அது பிராமண ஊர் சபை, நிலமும் சொந்த வீடும் வேதப் படிப்பும் உள்ள ஆம்பளைங்களுக்கு மட்டும். எங்க அப்பத்தா அந்தத் தெருவுக்குள்ளயே போயிருக்க முடியாது. அதுல எனக்குப் பிடிச்சது ஒரே ஒரு விதி: வாரியத்துல இருந்துட்டுக் கணக்கு காட்டாதவனும், அவன் சொந்தக்காரனும் அடுத்து நிக்க முடியாது. மேடையில இந்த வரியை மட்டும் யாரும் சொல்றதே இல்ல.

26/
என் முதுகையும் காட்டிடறேன். ஒவ்வொரு ஆரம்ப சுகாதார நிலையத்துக்கும் நோயாளர் நலச் சங்கம்னு ஒண்ணு உண்டு. ஊர்க்காரங்களும் உட்கார்ந்து ஆஸ்பத்திரிக்கு வந்த பணத்தை எப்படிச் செலவு பண்ணலாம்னு பேசணும். நான் இருந்த இடத்துல கூட்டமே நடக்காம மினிட்ஸ் எழுதி, ஆள் விட்டுக் கையெழுத்து வாங்கியிருக்கேன். ஆடிட் வருதுன்னு அவசரம். கிளார்க் அண்ணனைக் குத்தம் சொல்ல எனக்கு யோக்கியதை கிடையாது. பிரேசில்ல சுகாதாரக் கவுன்சில்கள்ல பாதி இடம் சிகிச்சை வாங்கற மக்களுக்குன்னு 1990-ல சட்டமே போட்டாங்க. அதைப் படிச்சப்போ, பாதி வேண்டாம், என் கூட்டத்துக்கு ஒரு நோயாளியை நிஜமா கூப்பிட்டிருக்கேனான்னு யோசிச்சேன். இல்ல.

27/
சரி, என்ன பண்றது. வர்ற ஆகஸ்ட் 15 கிராம சபை. தலைவர் இல்லைன்னாலும் சபை செத்துப்போகல, நீங்கதான் சபை. போங்க. டவுன்ல வேலை பார்க்கறவங்க, ஓட்டு ஊர்லதான் இருக்குன்னா அன்னிக்கு லீவுதான், ஊருக்குப் போங்க.

குறைஞ்சபட்ச ஆள் கணக்கு உண்டு: 500 பேர் வரைக்கும் உள்ள ஊராட்சிக்கு 50, 3,000 வரைக்கும் 100, 10,000 வரைக்கும் 200, அதுக்கு மேல 300. எண்ணுங்க. வரவு செலவு கணக்கை வாசிக்கச் சொல்லுங்க. உங்க கேள்வியை வாயால சொல்றதோட ஒரு தாள்லயும் எழுதிக் கொடுங்க. முக்கியமானது: கூட்டம் முடிஞ்சதும் தீர்மான நோட்டைச் சத்தமா வாசிக்கச் சொல்லிட்டு அப்புறம் கையெழுத்து போடுங்க. "வீட்டுல எழுதி முடிச்சுக்கறேன்"னா கையெழுத்து போடாதீங்க. தீர்மான நகல் தகவல் உரிமைச் சட்டத்துல கேட்டு வாங்கலாம். உள்ளாட்சித் தேர்தலை உடனே நடத்தணும்னு ஒரு தீர்மானமும் கொண்டு வாங்க. எழுத மாட்டோம்பாங்க. விடாதீங்க.

28/
டாக்டர்களுக்குத் தனியா. அன்னிக்கு உங்களுக்கும் பேச அழைப்பு வரும். ரெண்டு நிமிஷம் பேசிட்டு மீதி எட்டு நிமிஷம் வாயை மூடிக்கிட்டு உட்காருங்க. பஸ் எத்தனை மணிக்கு வருதுன்னு கேளுங்க.

29/
அந்த அப்பத்தாவை அடுத்த ஜனவரி 26-ல திரும்பப் பார்த்தேன். நோட்டு அவங்ககிட்ட வந்துச்சு. கிளார்க் அண்ணன் மைப் பெட்டியை நீட்டினார். அவங்க விரலை மடிச்சு வச்சுக்கிட்டு, "இதுல நான் சொன்னது இருக்கா? வாசி, கேப்போம்"னாங்க. அவர் என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். பத்து நிமிஷம் ஆச்சு, ஆனா எழுதினார்.

30/
குரூப்ல லிங்க் போட்டாச்சு. இதுவரைக்கும் ஒரு கட்டைவிரலும் வரல. காலையில ஓபி இருக்கு, கேள்வி இருந்தா கீழ போடுங்க, சாயங்காலம் வந்து பதில் சொல்றேன்.